எப்பிடி கீறனோ அப்பிடியே

அரக்கோணம் கடைத்தெருவில் நான் வழக்கமாகப் போகும் ஸ்டூடியோவின் உள்ளறையில், சுவரில் அடித்த ஆணியில் ஒரு கறுப்புக் கோட்டு தொங்குகிறது. யாருடைய அளவுக்கும் தைக்கப்படாத கோட்டு அது. வேலைக்கு மனுப்போடும் பையன்கள், பெண் வீட்டாருக்குப் படம் அனுப்ப வேண்டிய மாப்பிள்ளைகள், கட்சியில் வட்டப் பொறுப்பு கிடைத்தவர்கள் என்று எத்தனையோ பேர் அதற்குள் புகுந்து வெளியே வந்திருக்கிறார்கள். உடம்பு பெருத்தவருக்கு முன்பக்கம் மூடினால் போதும். மெலிந்தவருக்கு முதுகுப் பக்கம் துணி மாட்டும் கிளிப்பைப் போட்டு இறுக்கிவிடுவார் ஸ்டூடியோக்காரர். படத்தில் முதுகு தெரியப்போவதில்லை. பக்கத்தில் ரசம் உதிர்ந்த கண்ணாடி, அதன் கீழே நூலில் கட்டித் தொங்கவிட்ட சீப்பு, மூடி தொலைந்துபோன பவுடர் டப்பா. முகத்தோடு வருகிறவர்கள் இந்த நான்கு பொருள்களையும் கடந்துதான் கேமராவுக்கு எதிரே உட்கார வேண்டும்.

வங்கிக்குக் கொடுக்க இரண்டு படம் வேண்டியிருந்த ஒரு நாள், எனக்கு முன்னால் ஒரு மூதாட்டி காத்திருந்தார். ஊருக்கு வெளியே ஏரிக்கரையை ஒட்டியிருக்கும் இருளர் குடியிருப்பிலிருந்து பேரனோடு வந்திருந்தார். பள்ளிக்கூடத்தில் சாதிச் சான்றிதழ் கேட்கிறார்களாம். அதற்கான மனுவோடு படம் வைக்க வேண்டுமாம். ஸ்டூடியோக்காரர் அவரை முக்காலியில் உட்காரவைத்து, "ஆயா, தாடையத் தூக்கு, கண்ண மூடாத, சிரிக்காத" என்று மூன்று கட்டளைகளை ஒரே மூச்சில் சொல்லிப் படத்தை எடுத்து முடித்தார். பிறகு கம்ப்யூட்டரில் முகத்தைத் திறந்து, பழகிய கையால் கண்ணுக்குக் கீழிருந்த சுருக்கங்களை வழித்தெடுத்தார், கன்னத்தை வெளுப்பாக்கினார். எல்லாருக்கும் செய்வதுதான். செய்யாவிட்டால் சண்டைக்கு வருகிற வாடிக்கையாளர்களை நானே பார்த்திருக்கிறேன். மூதாட்டி எழுந்து வந்து திரையைக் கொஞ்ச நேரம் பார்த்தார்.

"யாரு நைனா இது?"

"நீதான் ஆயா."

"நான் எப்பிடி கீறனோ அப்பிடியே போடு."

ஸ்டூடியோக்காரர் விசைப்பலகையில் நாலைந்து முறை தட்டினார். சுருக்கங்கள் ஒவ்வொன்றாகத் திரும்பி வந்தன. கடைசியில் நிறமும் வந்தது.

அந்த ஒரு வாக்கியத்தை அதற்குப் பிறகு பல நாள் மனத்தில் வைத்து உருட்டிக்கொண்டிருந்தேன். கேட்கும்போது இதைவிட எளிய கோரிக்கை இருக்க முடியாது என்று தோன்றியது. யோசிக்க யோசிக்க, புகைப்படம் என்ற ஒன்று நம் ஊருக்கு வந்த நாளிலிருந்து இந்தக் கோரிக்கைக்குத்தான் யாரும் இடம் கொடுக்கவில்லை என்று புரிந்தது. சுருக்கங்கள் திரும்பி வந்த பிறகும் அந்தப் படத்தில் இருந்தது அவர் இருக்கிறபடி அல்ல. பின்னால் வெள்ளைத் திரை, உயர்த்திய தாடை, சிரிக்கக் கூடாத வாய், முப்பத்தைந்து மில்லிமீட்டருக்கு நாற்பத்தைந்து மில்லிமீட்டர் என்ற சட்டம். ஏரிக்கரையில் இப்படி ஒரு முகத்தோடு அவர் ஒரு நொடிகூட இருந்திருக்க மாட்டார்.

எங்கள் ஊருக்கு ரயிலும், மதராஸுக்குப் புகைப்படக் கழகமும் ஒரே ஆண்டில் வந்தன. ராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடு வரை தென்னிந்தியாவின் முதல் ரயில் பாதை 1856 ஜூலை 1 அன்று திறக்கப்பட்டது; அது அரக்கோணம் வழியாகத்தான் போனது. ஓவியப் பள்ளியை நிறுவிய அலெக்சாண்டர் ஹன்டர் மதராஸ் புகைப்படக் கழகத்தைத் தொடங்கியதும் அதே 1856இல்தான். ரயில் நிலத்தை அளந்துகொண்டு போனது. கேமரா மனிதர்களை அளந்துகொண்டு போனது. 1868 முதல் 1875 வரை 'இந்தியாவின் மக்கள்' என்ற தலைப்பில் எட்டுத் தொகுதிகள் வெளியாயின. ஒவ்வொரு பக்கத்திலும் ஒரு சாதி அல்லது குலத்தின் பெயர், அதன் கீழே அந்தப் பெயருக்குச் சாட்சியாக நிறுத்தப்பட்ட ஒரு மனிதர். நிறுத்தப்பட்டவரின் சொந்தப் பெயர் பெரும்பாலும் இருக்காது. 1869இல் லாம்ப்ரே என்பவர் ஒரு முறையைப் பரிந்துரைத்தார்: மரச்சட்டத்தில் பட்டு நூலை இரண்டு அங்குலச் சதுரங்களாகக் கட்டி, அதன் முன்னால் ஆளை ஆடையில்லாமல் நிறுத்திப் படமெடுத்தால், எந்தத் தேசத்து உடம்பையும் எந்தத் தேசத்து உடம்போடும் ஒப்பிட்டுக்கொள்ளலாம் என்றார். எழும்பூர் அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராக 1885 முதல் 1908 வரை இருந்த எட்கர் தர்ஸ்டன், மண்டையையும் மூக்கையும் அளக்கும் கருவிகளோடு மாகாணமெங்கும் சுற்றினார். 1909இல் 'தென்னிந்தியச் சாதிகளும் பழங்குடிகளும்' ஏழு தொகுதிகளாக வந்தது. இன்றைக்கும் தங்கள் சாதியின் பெருமையை நிறுவ அந்த நூலை ஆதாரமாகக் காட்டுகிறவர்கள் நம்மிடையே உண்டு. அளவுகோலைப் பிடித்திருந்த கையை மறந்து, அளவை மட்டும் நாம் வைத்துக்கொண்டோம்.

பெங்களூரில் 1956இல் பிறந்த கலைஞர் புஷ்பமாலா என். இந்த இடத்தில்தான் எனக்கு முக்கியமானவராகிறார். பரோடாவில் சிற்பம் பயின்றவர். தொண்ணூறுகளின் நடுவில் சிற்பத்தை விட்டுக் கேமராவின் பக்கம் வந்தார். வந்தவர் கேமராவுக்குப் பின்னால் நிற்காமல் முன்னால் போய் நின்றார். மும்பையில் எடுத்த 'ஃபேன்டம் லேடி' என்ற படத்தொடரில், முப்பதுகளின் சாகசப்பட நாயகி நாடியாவை நினைவூட்டும் முகமூடிக்காரியாக வேடமிட்டார். 2000 முதல் 2004 வரை, பெங்களூரில் வாழும் பிரிட்டிஷ் புகைப்படக் கலைஞர் கிளேர் ஆர்னியோடு சேர்ந்து 'தென்னிந்தியச் சுதேசிப் பெண்கள்: நடையும் வழக்கமும்' என்ற தொடரைச் செய்தார். தலைப்பே ஒரு காலனிய நூலின் தலைப்பைப் போல இருப்பது தற்செயல் அல்ல. தென்னிந்தியப் பெண் என்று உலகம் பார்த்துப் பழகிய பத்துப் படங்களை எடுத்துக்கொண்டு, அரங்கம் கட்டி, திரை எழுதி, உடை தைத்து, நகை செய்து, ஒவ்வொன்றிலும் அந்தப் பெண் இருந்த இடத்தில் தன்னை நிறுத்திக்கொண்டார்.

எந்தப் பத்து என்பதில்தான் அவருடைய கூர்மை இருக்கிறது. ரவிவர்மாவின் நிலவொளிப் பெண் இருக்கிறாள். வீட்டுக்கு வீடு மாட்டிய லட்சுமி இருக்கிறாள். வேளாங்கண்ணி மாதா இருக்கிறார். பழைய தமிழ்த் திரைப்பட ஸ்டில் ஒன்றிலிருந்து சாட்டையைச் சொடுக்கும் நாயகி இருக்கிறாள். இவற்றோடு, பத்தொன்பதாம் நூற்றாண்டு அளவைப் புகைப்படத்தில் கட்டம்போட்ட திரைக்கு முன்னால் நிறுத்தப்பட்ட பழங்குடிப் பெண்ணும், போலீஸ் பிடித்துப் பத்திரிகையில் போட்ட 'குற்றவாளி'ப் பெண்களும் இருக்கிறார்கள். பூஜையறைச் சுவரில் மாட்டுகிற படமும் காவல் நிலையப் பலகையில் ஒட்டுகிற படமும் ஒரே வரிசையில், ஒரே அளவில், ஒரே முகத்தோடு. லட்சுமியாக நிற்பதும் புஷ்பமாலாதான். குற்றவாளியாக நிற்பதும் அவர்தான். இரண்டுக்கும் நடுவில் மாறியிருப்பது திரையும் துணியும் விளக்கும்.

கட்டத்திரைப் படத்தின் முன்னால் அதிக நேரம் நிற்க நேர்ந்தது. மூலப் படத்தில் இருந்திருக்கக்கூடிய பெண் யார், அவளுக்கு என்ன சொல்லி அங்கே நிறுத்தினார்கள், முடிந்ததும் கையில் என்ன கொடுத்து அனுப்பினார்கள் என்பதற்கெல்லாம் அந்தப் படத்தில் விடை இல்லை. நூறாண்டு கழித்து, அதே கட்டங்களுக்கு முன்னால், கல்வியும் பேரும் உள்ள ஒரு கலைஞர் தன் விருப்பத்தோடு வந்து நிற்கிறார். அந்த அவமானத்தைத் தன் உடம்பில் ஏற்றிக்கொண்டு பார்க்கிறார். அவரால் அதிலிருந்து இறங்கி வீட்டுக்குப் போக முடியும் என்பது அவருக்கும் தெரியும், நமக்கும் தெரியும். இந்த வேறுபாட்டை மறைக்காததுதான் அந்தப் படத்தின் நேர்மை என்று நினைக்கிறேன். அரங்கம் கட்டப்பட்ட அரங்கமாகவே தெரிகிறது. பாவனை பாவனையாகவே தெரிகிறது. அரங்கம் கட்டி உடை தைத்த வேலைகளின் நடுவில் எடுத்த படங்களையும் அவர் தொடரின் ஒரு பகுதியாகவே காட்சிக்கு வைத்தார்.

அவருடைய வீடியோக்களிலும் இதே நோக்கம் வேறு வகையில் வருகிறது. 2004இல் செய்த 'ராஷ்ட்ரீய கீர், தேசீய சாலட்' என்ற குறும்படத்துக்கு அடிப்படை, குடும்பத்தில் கிடைத்த ஒரு பழைய சமையல் குறிப்பேடு. சுதந்திரத்துக்குப் பிந்தைய ஓர் இராணுவக் குடும்பம். கணவன், மனைவி, பிள்ளை. தேசத்தைக் கட்டுவதும் பாயசம் காய்ச்சுவதும் ஒரே நோட்டில் எழுதப்படுகின்றன. கடற்படை விமானதளமும் பேரிடர் மீட்புப் படையும் உள்ள எங்கள் ஊரில் அப்படிப்பட்ட நோட்டுகள் எத்தனை வீட்டுப் பரணில் கிடக்கின்றனவோ என்று நினைத்துக்கொண்டேன். தன்னைக் காட்டுவது என்பது முகத்தைக் காட்டுவதோடு முடிவதில்லை. கையெழுத்திலும் உப்பின் அளவிலும்கூட ஒருவர் தாம் யாராக இருக்க விரும்பினார் என்பது தங்கிவிடுகிறது.

தான் யார் என்ற கேள்வி எங்கள் பக்கத்தில் எல்லைக்கோடாகவும் வந்தது. திருத்தணி எங்களுக்குப் பதினைந்து கிலோமீட்டருக்குள் இருக்கிறது. 1960 ஏப்ரலில் அது சென்னை மாநிலத்தோடு சேர்ந்தது, ம.பொ.சி.யும் மற்றவர்களும் நடத்திய எல்லைப் போராட்டத்தின் பயன் அது. தமிழும் தெலுங்கும் ஒரே திண்ணையில் பேசப்படுகிற ஊர்களை ஒரு கோட்டின் இந்தப் பக்கம் அந்தப் பக்கம் என்று பிரித்தபோது, தான் யார் என்று சொல்லவேண்டிய கட்டாயம் முதன்முதலாக வந்த குடும்பங்கள் உண்டு. மூதாட்டி சொன்ன அந்த 'நைனா' எந்தக் கோட்டையும் மதிக்காமல் இரண்டு பக்கமும் நடமாடுகிறது.

திருத்தணி மலையின் கதையே தோற்றத்தைப் பற்றிய கதை. வள்ளியைத் தேடி வந்த முருகன் வேடனாக வந்தான், வேங்கை மரமாக நின்றான், கிழவனாகத் தள்ளாடினான்; தன்னுருவில் வந்தது கடைசியில்தான். வள்ளியோ ஒரு வேடமும் போடவில்லை. தினைப்புனத்தில் கவண் வீசிக்கொண்டிருந்த குறவர் வீட்டு மகள் அவள். வள்ளிமலையும் எங்களுக்குத் தொலைவில்லை. ஆனால் திருத்தணிப் படிக்கட்டில் விற்கிற படங்களைப் பாருங்கள். முருகனின் ஒரு பக்கம் தெய்வானை, மறுபக்கம் வள்ளி. இருவருக்கும் ஒரே சிவந்த நிறம், ஒரே பட்டு, ஒரே நகை. கையிலிருக்கும் பூவை வைத்துத்தான் யார் யார் என்று சொல்ல முடியும். தினைப்புனத்து வெயில் அந்த முகத்தில் பட்டதற்கு ஒரு தடயமும் இல்லை. எங்கள் ஸ்டூடியோக்காரர் கம்ப்யூட்டரில் செய்ததை, காலண்டர் ஓவியர்கள் அவருக்குப் பல தலைமுறைக்கு முன்பே தூரிகையால் செய்து முடித்திருந்தார்கள். வள்ளியிடம் யாரும் கேட்கவில்லை.

வள்ளியை இப்படி வெளுக்க வைத்து வணங்கிய அதே காலத்தில், அவள் பிறந்த வீடாகக் கதை சொல்கிற சமூகத்தின் முகம் வேறொரு பதிவேட்டுக்குப் போய்க்கொண்டிருந்தது. குற்றப் பரம்பரைச் சட்டம் 1871இல் வந்தது. 1911இல் திருத்தப்பட்டு மதராஸ் மாகாணத்துக்கும் நீண்டது. குறவர்கள் அதில் சேர்க்கப்பட்டார்கள். பிறப்பினாலேயே சந்தேகத்துக்குரியவர், இரவில் இருப்பைக் காட்ட வேண்டும், கைரேகை கொடுக்க வேண்டும். 1952இல் நாடு முழுவதும் அந்தச் சட்டம் போய்விட்டது என்றாலும் அதன் பார்வை எங்கும் போகவில்லை. 1993இல் கடலூர்ப் பக்கம் காவலில் கொல்லப்பட்ட ஒரு கூலித் தொழிலாளியின் கதையை 2021இல் 'ஜெய் பீம்' திரைக்குக் கொண்டுவந்தது. கொல்லப்பட்டவர் குறவர், திரையில் அவர் இருளர் ஆனார். நீதியை நினைவூட்டிய அந்தப் படத்தை மதிக்கிறேன். இருந்தாலும், இறந்த பிறகும் ஒரு மனிதருக்குத் தன் அடையாளத்தோடு நிற்க இடம் கிடைக்கவில்லையே என்ற வருத்தம் எனக்கு உண்டு.

2019 பிப்ரவரி, மார்ச் மாதங்களில் சென்னைப் புகைப்பட பினாலேயின் இரண்டாம் பதிப்பு நடந்தது. அதை வடிவமைத்தவர் புஷ்பமாலாதான். அதற்கு அவர் தேர்ந்த கருப்பொருளும் சொந்த உருவத்தை இழந்தவர்களைப் பற்றியதுதான்: கண்ணாடிக்குள் வாழும் உயிர்களைப் பற்றிய ஒரு சீனக் கதை. எழுத்தாளர் போர்ஹெஸ் அதை எடுத்தெழுதியிருக்கிறார்: ஒரு காலத்தில் கண்ணாடிக்குள் இருந்தவர்கள் நம்மைப் போல இல்லாமல், தமக்கென்று உருவமும் நிறமும் உடையவர்களாக இருந்தார்களாம். ஒரு போரில் தோற்றதால், நாம் செய்வதையே திருப்பிச் செய்யும்படி தண்டிக்கப்பட்டுக் கண்ணாடிக்குள் அடைபட்டார்களாம். ஒரு நாள் அவர்கள் நம்மைப் போலச் செய்வதை நிறுத்திவிடுவார்களாம்.

அதே ஆண்டு ஜூலையில் எங்கள் பக்கத்துப் படம் ஒன்று நாடெங்கும் பரவியது. அப்போது நாங்கள் வேலூர் மாவட்டத்தில் இருந்தோம். ராணிப்பேட்டை மாவட்டம் பிறக்க இன்னும் நான்கு மாதம் இருந்தது. காஞ்சிபுரம், வேலூர் மாவட்டங்களில் மரம் வெட்டும் இடங்களில் கொத்தடிமைகளாக வைத்திருக்கப்பட்ட 42 பேரை அதிகாரிகள் மீட்டார்கள். பெரும்பாலோர் இருளர்கள். சொற்பக் கடனுக்காக ஆண்டுக்கணக்கில் அடைபட்டுக் கிடந்தவர்கள். அந்த மீட்பில், முதியவர் ஒருவர் அதிகாரியின் காலடியில் நெடுஞ்சாண்கிடையாக விழுந்து கிடக்கிறார். அதுதான் படம்.

அதைப் பார்த்தபோது எனக்குத் தொண்டை அடைத்தது. என் கைப்பேசிக்கும் நாலு பேர் அதை அனுப்பியிருந்தார்கள். நானும் இரண்டு பேருக்கு அனுப்பினேன். சில நாள் கழித்துத்தான் மனம் உறுத்தத் தொடங்கியது. அந்தப் படம் கொத்தடிமை முறை இன்னும் உயிரோடிருக்கிறது என்பதை ஒரே பார்வையில் சொல்லிவிட்டது. அதனால் நன்மை விளைந்திருக்கும், மறுக்கவில்லை. ஆனால் அந்த முதியவர் விடுதலையான நாளின் படம் அது. விடுதலையான நாளில் அவருக்குக் கிடைத்த ஒரே தோற்றம் காலில் விழுந்த தோற்றம். உலகம் அவரை அறிந்தது முகத்தால்கூட அல்ல, முதுகால். எழுந்து நின்ற பிறகு, கையைத் தட்டி மண்ணை உதறிய பிறகு, லாரியில் ஏறி உட்கார்ந்து பேரப்பிள்ளைக்கு ஏதாவது சொல்லும்போது அவர் எப்படி இருந்தார்? அதைக் காத்திருந்து எடுக்க யாருக்கும் தோன்றவில்லை. எடுத்திருந்தாலும் நாம் அதை இத்தனை பேருக்கு அனுப்பியிருக்க மாட்டோம். நாம் இரங்குவதற்கு ஒருவர் தாழ்ந்து கிடக்க வேண்டியிருக்கிறது.

தமிழில் படம் எடுக்கிறோம், போஸ் கொடுக்கிறோம். எடுப்பவர் ஒருவர், கொடுப்பவர் ஒருவர். கொடுத்தவர்களைவிட, கேட்காமலே எடுத்துக்கொள்ளப்பட்டவர்கள்தான் நம் பழைய படங்களில் அதிகம். பாம்பும் படம் எடுக்கும் என்கிறோம். அது தன்னைக் காத்துக்கொள்ள எடுப்பது. இருளர்கள் என்றால் பத்திரிகைக்காரர்கள் கேமராவோடு முதலில் தேடுவது அந்தப் பாம்பைத்தான். 1978இல் தொடங்கிய வடநெம்மேலி இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் விஷமுறி மருந்துக்கான விஷத்தைக் கொடுத்து எத்தனையோ உயிரைக் காத்திருக்கிறது. 2023இல் அச்சமூகத்தின் வடிவேல் கோபாலும் மாசி சடையனும் பத்மஸ்ரீ பெற்றார்கள். பெருமைப்பட வேண்டிய செய்திதான். ஆனாலும், எங்கள் ஏரிக்கரையில் பாம்பையே தொட்டிராத இருளர் பிள்ளைகள் இருக்கிறார்கள். அரிசி ஆலையிலும் செங்கல் சூளையிலும் தாய் தகப்பன் பட்ட கடனுக்காகப் பள்ளிக்கூடத்தை விட்டவர்கள் இருக்கிறார்கள். பாம்பு இல்லாத இருளரைப் படமெடுக்க நமக்குக் காரணம் கிடைப்பதில்லை.

அதனால்தான், யார் கையில் கேமரா இருக்கிறது என்ற கேள்வியை விட்டு என்னால் நகர முடியவில்லை. மத்திய ஆப்பிரிக்காவில் பாங்கி நகரத்தில் 1975இல், பதின்மூன்று வயதில், சாமுவேல் ஃபோசோ என்ற பையன் ஒரு ஸ்டூடியோ வைத்தான். பகலெல்லாம் பாஸ்போர்ட் படமும் கல்யாணப் படமும். மாலையில் ரோலில் ஃபிலிம் மிச்சமிருந்தால், வீணாகக்கூடாதென்று தன்னையே படமெடுத்து நைஜீரியாவில் இருந்த பாட்டிக்கு அனுப்பினான். பாட்டி பேரன் நலமாக இருக்கிறான் என்று தெரிந்துகொண்டார். உலகம் இருபது ஆண்டு கழித்து அதைக் கலை என்று தெரிந்துகொண்டது. ஆணியில் தொங்கும் எங்கள் கறுப்புக் கோட்டைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அந்தப் பையன் நினைவுக்கு வருகிறான். எங்கள் ஸ்டூடியோக்காரர் தன்னை எப்போதாவது எடுத்துக்கொண்டதுண்டா என்று கேட்டேன். "எனக்கு எதுக்கு சார்?" என்றார்.

தன்னையும் தன் வீட்டையும் தானே படமெடுப்பது நம்மிடையிலும் தொடங்கிவிட்டது. மதுரை மாவட்டம் வாடிப்பட்டியைச் சேர்ந்த ஜெய்சிங் நாகேஸ்வரன், விளிம்பில் இருக்கும் பல மனிதர்களைப் படமெடுத்துக்கொண்டிருந்தவர், கொரோனா முடக்கத்தில் ஊருக்குத் திரும்பித் தன் வீட்டையே எடுக்கத் தொடங்கினார். தலித் குடும்பம், பாட்டி பொன்னுத்தாய் ஊரில் பள்ளிக்கூடம் தொடங்கியவர். அந்தப் படங்களில் யாரும் காலில் விழவில்லை. கிணற்றில் குதிக்கிறார்கள், படுத்திருக்கிறார்கள், ஆட்டுக்குட்டியைத் தூக்கி வைத்திருக்கிறார்கள். படம் எடுப்பவர் வீட்டு ஆள் என்பதால் யாரும் தாடையை உயர்த்தவில்லை. மீன் விற்று வளர்த்த தாயின் உழைப்பைப் படமாக்கிய பழனிக்குமார், இன்று தூய்மைப் பணியாளர்களின் பிள்ளைகளுக்கும் மீனவர் பிள்ளைகளுக்கும் கேமராவைக் கற்றுக்கொடுத்துக்கொண்டிருக்கிறார். புஷ்பமாலா அடுத்தவர் இடத்தில் தன்னை நிறுத்திக் கேட்ட கேள்விக்கு, இவர்கள் தங்கள் இடத்தில் தாங்களே நின்று பதில் சொல்கிறார்கள். இரண்டும் வேண்டும். ஒன்று பழைய படத்தின் தையலைப் பிரித்துக் காட்டுகிறது. மற்றது புதிய படத்தை எடுக்கிறது.

கைப்பேசி வந்தபின் எல்லார் கையிலும் கேமரா இருக்கிறதே என்று சொல்லலாம். ஆடிக் கிருத்திகையன்று திருத்தணியின் 365 படிகளிலும் பிள்ளைகள் ரீல்ஸ் எடுத்துக்கொண்டேதான் ஏறுகிறார்கள். மொட்டையடித்த தலையில் சந்தனத்தோடு, சினிமாப் பாட்டுக்கு வாயசைத்துக்கொண்டு. அந்த மகிழ்ச்சியில் எனக்கு ஒரு குறையும் இல்லை. ஆனால் ரீல்ஸ் எடுக்கும் செயலியும் கேட்காமலே முகத்தை வெளுக்க வைக்கிறது, மூக்கைக் கூராக்குகிறது. எங்கள் ஸ்டூடியோக்காரரிடம் "யாரு நைனா இது?" என்று கேட்டபோது அவர் நாலைந்து தட்டில் திருத்திக் கொடுத்தார். அந்தச் செயலியிடம் கேட்கப் பிள்ளைகளுக்குத் தோன்றுவதில்லை. அந்த முகத்தையே தங்கள் முகம் என்று நம்பி, கண்ணாடியைப் பார்த்து வருந்துகிறார்கள்.

என் அப்பாவுக்கு இருந்தது ஒரே ஒரு படம். கோட்டு போட்ட படம். வாழ்நாளெல்லாம் ரயில்வே தண்டவாளத்தில் சம்மட்டியோடு நடந்தவர். கோட்டு அவருடையதல்ல, ஏதோ ஒரு ஸ்டூடியோவின் ஆணியிலிருந்து எடுத்தது. தோள்பட்டை இரண்டு விரற்கடை கீழே இறங்கியிருப்பதைப் பார்த்தாலே தெரியும். அவர் போனபிறகு அதைத்தான் பெரிதாக்கி மாட்டினோம். என் தங்கை வேண்டாமென்றாள். அப்பா மாதிரியே இல்லை என்று அழுதாள். அம்மா மட்டும், "அவரே ஆசப்பட்டுப் போட்டுக்கினு எடுத்தது, இருக்கட்டும்" என்றாள். இரண்டு பேர் சொன்னதும் சரி என்றே இன்றைக்கும் நினைக்கிறேன். அவர் இருந்தபடி இல்லை அந்தப் படம். இருக்க நினைத்தபடி இருந்தது. அதைத் தேர்ந்துகொள்ள ஒரு பிற்பகலாவது அவருக்கு வாய்த்தது.

ஸ்டூடியோவில் அன்று மூதாட்டியின் படத்தை அச்செடுத்து, வெட்டி, சிறிய காகித உறையில் போட்டுக் கொடுத்தார்கள். எட்டுப் படம். அவர் அவற்றை மேஜைமேல் பரப்பி, விரலால் தொட்டுத் தொட்டு எண்ணினார். மனுவுக்கு இரண்டு போதுமென்று பேரன் சொன்னான்.

"மீதி ஆறும் யாருக்கு நைனா?"

"வெச்சிக்க ஆயா. எங்கியாவது கேப்பாங்க."

அவர் இரண்டைப் பேரனிடம் கொடுத்தார். மற்ற ஆறையும் உறையில் திரும்பப் போட்டு, ரேஷன் கார்டு இருந்த பிளாஸ்டிக் பைக்குள் செருகி, பையை நாலாக மடித்து இடுப்பில் சொருகிக்கொண்டு வெயிலில் இறங்கினார்.